சனாதிபதி உள்ளே வருகிறார்

பத்மா மறுபடியும் எழுந்துவிட்டார்.

அவர் எழக் கூடாது. நீள மேசையைச் சுற்றி இருந்த அத்தனை பேரும் எழ வேண்டும். அவர் ஒருவர் மட்டும் நாற்காலியிலேயே இருக்க வேண்டும். படத்தின் கடைசிக் காட்சி அது. நாட்டின் துறைமுகத்தைத் தன் வீட்டாருக்கு எழுதிக்கொடுத்த சனாதிபதி கூட்ட அறைக்குள் வருகிறார். அமைச்சர்கள் எழுகிறார்கள். செயலாளர்கள் எழுகிறார்கள். அந்தக் களவைக் கண்டுபிடித்த கணக்காய்வு அதிகாரி மட்டும் எழாமல் அவரைப் பார்க்கிறாள். வசனம் இல்லை, இசை இல்லை. அத்துடன் படம் முடிகிறது.

"கட்!" என்றாள் தாரணி. பிறகு குரலைத் தாழ்த்தி, "அன்ரி..." என்று இழுத்தாள்.

"ஐயோ பிள்ளை, நான் எழும்பேல்லை. கால்தான் எழும்பினது," என்றார் பத்மா, இன்னும் நின்றபடியே.

மேசையைச் சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். சனாதிபதியும் சிரித்தார். தாரணி சிரிக்கவில்லை. அவள் ஜன்னலைப் பார்த்தாள். நானும் பார்த்தேன்.

அது நவம்பர் மாதத்து ஞாயிற்றுக்கிழமை. பியோர்ண்டால் அடுக்குமாடிகளுக்கு நடுவே உள்ள பொதுமண்டபம். கண்ணாடிக்கு வெளியே காட்டின் விளிம்பு சாம்பல் நிறமாகிக்கொண்டிருந்தது. ஒஸ்லோவில் அந்த மாதத்தில் மத்தியானச் சாப்பாட்டுக் கோப்பை கழுவி முடிவதற்குள் பொழுது சாய்ந்துவிடும். தாரணிக்கு அந்த ஜன்னல் வெளிச்சம் வேண்டும்.

சரியான திகதி என்னிடம் உண்டு. ஆனால் சென்ற வாரம் இந்தத் தொடரை வெளியிடும் பத்திரிகையின் ஆசிரியர் தொலைபேசியில் பேசினார். "அண்ணை, திகதியளைக் கொஞ்சம் குறையுங்கோ. வாசிக்கிற ஆக்களுக்குச் சோதினைக்குப் படிக்கிற மாதிரி இருக்காம்." ஆகவே இந்த அத்தியாயத்தில் மாதங்களோடு நிறுத்திக்கொள்கிறேன். எனக்கு அது சாப்பாட்டில் உப்பைக் குறைப்பது போலத்தான்.

இராகுகாலம் பார்க்கும் மாளிகை

தாரணி என் நண்பரின் மகள். இங்கேயே பிறந்தவள். படம் எடுப்பதை முறையாகப் படித்தவள். எந்த வரைபடத்திலும் இல்லாத ஒரு தீவு நாட்டைக் கற்பனை செய்து, அதன் சனாதிபதியின் ஊழலைப் பற்றி ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைந்த தமிழ்ப் படம் எடுக்கப் போகிறாள் என்று கேள்விப்பட்டபோது, எங்கள் ஆட்கள் முதலில் கேட்ட கேள்வி ஒன்றுதான்.

"சனாதிபதியே இல்லாத நாட்டிலை இருந்துகொண்டு சனாதிபதிப் படமோ?"

"பிறகென்ன, நோர்வே அரசரைப் பற்றி எடுக்கவோ மாமா?" என்றாள் அவள். "இஞ்சை அவரை எல்லாருக்கும் விருப்பம். களவெடுத்தவர் எண்டா ஒருத்தரும் நம்பமாட்டினம்."

என்னை அவள் சேர்த்துக்கொண்டது என் திகதிப் பைத்தியத்துக்காக. படப்பிடிப்பில் தொடர்ச்சி பார்ப்பதென்று ஒரு வேலை இருக்கிறது. ஒரு துண்டில் பாதி குடித்த தேநீர் அடுத்த துண்டில் நிரம்பியிருக்கக் கூடாது. சுவர்க் கடிகாரம் பின்னோக்கி ஓடக் கூடாது. செவ்வாய்க்கிழமை நடக்கும் கதையில் ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகை மேசையில் கிடக்கக் கூடாது. கூலி இல்லாமல் வாழ்நாள் முழுக்க நான் செய்துவந்த காரியத்துக்கு ஒரு பெயர் இருக்கிறதென்று அப்போதுதான் தெரிந்தது.

முதல் நாளே எனக்கு வேலை வந்தது. சனாதிபதி மாளிகைச் சுவரில், தமிழ்க்கடையில் இலவசமாகக் கொடுத்த முருகன் நாட்காட்டியை யாரோ தொங்கவிட்டிருந்தார்கள். கீழே மீனும் மரவள்ளிக்கிழங்கும் விற்கும் கடையின் விளம்பரம். ஒவ்வொரு நாளுக்கும் இராகுகாலம். நான் கழற்றப் போனேன்.

"விடுங்கோ," என்றார் சனாதிபதியாக நடிக்க வந்தவர். "இராகுகாலம் பாக்காமல் ஆர் பதவியேற்கினம்?"

"கடையின்ரை பேர் தெரியுது."

"தெரியட்டும். துறைமுகத்தையே எழுதிக்குடுத்தவருக்கு மீன்கடையோடை தொடர்பு இருக்காதோ?"

நாட்காட்டியைக் கழற்றிவிட்டேன்.

பனிக்குள் ஒரு தொலைக்காட்சி

சனாதிபதிகளின் ஊழலைப் பற்றிய படங்களோடு எனக்கு உள்ள பழக்கம் மிகப் பழையது. நாங்கள் நோர்வேக்கு வந்த புதிதில் வடக்கே ஒரு அகதி முகாமில் இருந்தோம். குளிர்காலம். பொது அறையில் ஒரு தொலைக்காட்சிப் பெட்டி. ஈரக் காலுறைகள் காயும் மணம். ஆளுக்கொரு வெறுந்தேநீர். அறை நிறைய யாழ்ப்பாணத்து இளைஞர்கள்.

ஒரு நாள் அதில் வேற்றுநாட்டுப் படமொன்று போனது. பேச்சு ஒரு மொழி, கீழே ஓடிய எழுத்து இன்னொரு மொழி. இரண்டும் எங்களுக்கு விளங்கவில்லை. ஆனாலும் கதை விளங்கியது. ஒரு சனாதிபதி பொய் சொல்கிறார். கோட்டுப் போட்டவர்கள் நடைபாதைகளில் வேகமாக நடக்கிறார்கள். தொலைபேசி அடிக்கிறது, யாரோ எடுக்கப் பயப்படுகிறார்கள். கடைசியில் அவர் மாளிகையை விட்டுப் போகிறார்.

பொய் சொன்னது எங்களுக்கு அதிசயமாக இல்லை. பதவி போனது கொஞ்சம் அதிசயம். அதைவிட ஒரு சின்ன விஷயம் என்னை அசைத்துவிட்டது. பத்திரிகையாளர்கள் சனாதிபதியின் முன்னால் நாற்காலியில் இருந்துகொண்டே கேள்வி கேட்டார்கள். ஒருவன் கால்மேல் கால் போட்டிருந்தான். பென்சிலைக் கடித்துக்கொண்டிருந்தான்.

"இவனைப் பாரடா," என்றான் எனக்குப் பக்கத்தில் இருந்தவன். "பெஞ்சிலை வாய்க்கை வைச்சுக்கொண்டு சனாதிபதியைக் கேக்கிறான்."

எங்கள் பாடசாலைக்குக் கல்வி அதிகாரி வருகிறார் என்றால், அவர் வரும் நாளுக்கு முதல் நாளே எழுந்து நிற்கப் பழக்குவார்கள். அப்படி வளர்ந்த நாங்கள் அந்தப் பென்சிலைப் பற்றி ஒரு கிழமை கதைத்தோம்.

அதற்குப் பிறகு இந்த வகைப் படம் எது வந்தாலும் தவறவிட்டதில்லை. திரையரங்கில், நூலகத்தில் இரவல் எடுத்த வட்டுகளில், இப்போது கைபேசியில். பல நாடுகள், பல சனாதிபதிகள். எல்லாவற்றிலும் ஏறக்குறைய ஒரே சாமான்கள்தான்: மழை, கறுப்புக் கார், மூடிய திரைச்சீலை, ஒளித்து வைத்த ஒரு பதிவு. பதிவு வெளியே வருகிறது, ஆள் விழுகிறார்.

நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அரச சபைகளைப் பற்றி வாசிக்க வாசிக்க எனக்கு வேறொன்று உறுத்தத் தொடங்கியது. விழுகிறவரைவிட, அவர் அறைக்குள் வரும் ஒவ்வொரு முறையும் எழுந்து நின்றவர்கள்தான் எண்ணிக்கையில் அதிகம். அவர்களில் பாதிப் பேருக்கு எல்லாம் தெரிந்திருக்கும். தெரிந்துகொண்டே எழுந்திருப்பார்கள். அந்த அறையை யாராவது படமாக எடுக்கமாட்டார்களா என்று நினைத்திருந்தேன்.

தாரணியின் கதையை வாசித்தபோது கடைசிப் பக்கத்தில் அந்த அறை இருந்தது. முழங்கால் வலியையும் பாராமல் அவளோடு மண்டபம் மண்டபமாக அலைந்ததற்கு அதுதான் காரணம்.

பெரியத்தான்

இனி பத்மா ஏன் எழுந்தார் என்பதைச் சொல்ல வேண்டும்.

பத்மா ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்கிறார். நோர்வேஜிய மொழியில் அவர் யாருக்கும் அஞ்சியதில்லை. ஒரு மூதாட்டிக்கு ஆறிய சாப்பாடு கொடுக்கப்பட்டதென்று பகுதிப் பொறுப்பாளரை நிற்க வைத்துக் கேள்வி கேட்டவர். இந்தக் கதையைத் தாரணிக்கு அவள் அம்மா சொல்லியிருந்தார். "இவதான் என்ரை கணக்காய்வு அதிகாரி," என்று அவள் அன்றைக்கே முடிவு செய்துவிட்டாள்.

சனாதிபதியாக வந்தவர் நவரத்தினம். பல வருடம் டாக்ஸி ஓட்டி ஓய்ந்தவர். நல்ல உயரம், வெள்ளை மீசை, குரலில் ஒரு மேடை. சிரித்தால் வாக்குப் போடத் தோன்றும். அப்படிப்பட்ட முகம்தான் ஊழல் செய்யும் சனாதிபதிக்கு வேண்டும் என்று தாரணி சொன்னாள். அது சரியான தெரிவு.

ஆனால் நவரத்தினம், பத்மாவின் கணவருக்கு மூத்த அண்ணன். பத்மா அவரைப் பெரியத்தான் என்று கூப்பிடுவார். பத்மாவும் கணவரும் நோர்வேக்கு வந்ததும் முதலில் தங்கியது அவர் வீட்டில்தான். பெரியத்தான் கூடத்துக்குள் வந்தால் பத்மா கதிரையை விட்டு எழுவார். யாரும் எழச் சொன்னதில்லை. அவருக்கு அது மூச்சு விடுவதைப் போல.

இரண்டு பேரையும் தனித்தனியாகத் தெரிவு செய்தபோது இது யாருக்கும் தோன்றவில்லை. ஒத்திகைகளுக்கு நவரத்தினம் வரவில்லை. அவருக்குப் பதிலாகப் படப்பிடிப்பாளர் பிரபு கதவைத் திறந்துகொண்டு நடந்து வந்தார். பத்மா கல்லைப் போல இருந்தார். எல்லோரும் கை தட்டினோம்.

பிரபு கோயம்புத்தூர்க்காரர். கணினி வேலைக்கு ஒஸ்லோ வந்தவர். கமரா அவருடைய சொந்தம். அதற்கு அடுத்த வாரம் வேலை மாறிப் பேர்கன் நகரத்துக்குப் போக இருந்தார். கிறிஸ்மசுக்கு முன் தாரணி படத்தை அனுப்பிவைத்தால் வசந்த காலத்தில் நகரத்தில் ஒரு திரையரங்கு அதைக் காட்டும். தவறினால் இடம் வேறு படத்துக்குப் போகும். மண்டபமும் அந்த ஞாயிறு மட்டும்தான் கிடைத்தது. மாலையில் அங்கே ஒரு பிள்ளையின் பிறந்தநாள். நடைபாதையில் ஏற்கெனவே இரண்டு பேர் பலூன் ஊதிக்கொண்டிருந்தார்கள். கதவு திறக்கும் ஒவ்வொரு முறையும் இளஞ்சிவப்புப் பலூனொன்று சனாதிபதிக்கு முன்னால் உள்ளே வரப் பார்த்தது.

"அக்கா, எந்திரிக்காதீங்க, அவ்ளோதான்," என்றார் பிரபு. "லைட் போயிட்டே இருக்கு."

"ஓம் தம்பி, எழும்பேல்லை, எழும்பேல்லை."

கதவு திறந்தது. நவரத்தினம் வந்தார். பத்மாவின் இரண்டு கைகளும் நாற்காலியின் ஓரத்தை இறுக்கிப் பிடித்திருந்தன. இந்த முறை நாற்காலியும் சேர்ந்து எழுந்தது.

சொல்லி இருத்திய பெண்

நவரத்தினத்துக்கே பொறுக்கவில்லை. மேசையருகே வந்து குனிந்து, அன்பாகத்தான் சொன்னார்.

"பத்மா, நான் சொல்லுறன். நீ இரு. நான் வரேக்கை எழும்பாதை."

"சரி பெரியத்தான்."

அடுத்த முறை அவர் எழவில்லை. மேசையைச் சுற்றி எல்லோரும் எழுந்தார்கள்; பத்மா அசையாமல் இருந்தார். எனக்கு நிம்மதியாக இருந்தது. சிலர் கையைக்கூட உயர்த்திவிட்டார்கள், தட்டுவதற்கு.

தாரணி சின்னத் திரையில் அதைத் திரும்பப் போட்டுப் பார்த்தாள். என்னையும் கூப்பிட்டாள்.

"மாமா, பாருங்கோ. முதுகைப் பாருங்கோ."

பார்த்தேன். தலை குனிந்திருந்தது. தோள்கள் ஒடுங்கியிருந்தன. இருக்கச் சொன்னதால் இருந்த ஒரு பெண் அந்தத் திரையில் தெரிந்தார். நின்றுகொண்டிருந்த அமைச்சர்களைவிட அவர்தான் அதிகம் பணிந்திருந்தார்.

"இது எழும்பினதைவிட மோசம்," என்றாள் தாரணி. "இப்பிடி முடிச்சா இது வெறும் கள்ளன்ரை கதை. நான் அதை எடுக்க வரேல்லை."

பௌசே என்று அறிவித்தாள். இங்கே பிறந்த பிள்ளைகளுக்கு இடைவேளை எப்போதும் பௌசேதான்.

ரோல்ஸ் தட்டுக்கு முன்னால்

குசினியில் வாஃபல் சுடும் மணமும் மரக்கறி ரோல்ஸ் மணமும் கலந்து வந்தன. நவரத்தினம் கோட்டைக் கழற்றாமலே தேநீரை எடுத்தார். மண்டபத்தைப் பதிந்து தந்தவர் அவர். பாதி நடிகர்களைத் தன் காரில் ஏற்றி வந்தவரும் அவர்தான். ஆகவே அவர் பேசத் தொடங்கியதும் எல்லோரும் அவரைச் சுற்றிக் கூடினார்கள்.

"தாரணி, இஞ்சை வா பிள்ளை. ஏன் கரைச்சல் படுறாய்? பத்மாவும் எழும்பட்டும். எழும்பி நிண்டு முறைச்சுப் பாக்கட்டும். சனத்துக்கு விளங்கும்."

"எழும்பினா படம் இல்லை மாமா."

"படம் இருக்கும். ஊருக்குப் போய்வாற ஆக்களும் இதிலை நிக்கினம், நாளைக்கு அங்கை ஆரும் இதைப் பாத்தா அவைக்குக் கரைச்சல். கொஞ்சம் மரியாதையா முடிச்சாலும் பிழை இல்லை."

"அண்ணை சொல்லுறதும் சரிதான்," என்றார் உள்துறை அமைச்சர்.

"ஓம் பிள்ளை, வெளிச்சமும் போகுது," என்றார் நீதியமைச்சர், வாய் நிறைய ரோல்சுடன்.

மீன்பிடி அமைச்சர் தலையை ஆட்டினார். ஒருவர் பின் ஒருவராக அந்த அமைச்சரவை முழுவதும் தலையாட்டியது. கமரா அணைந்திருந்தது. தாரணி எழுதிய அறை எங்கள் கண் முன்னால் அப்படியே நடந்துகொண்டிருந்தது. படமெடுக்கத்தான் ஆள் இல்லை.

தாரணி தன் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். இன்னும் ஒரு நிமிடத்தில் சரி என்று சொல்லிவிடுவாள் என்று எனக்குத் தெரிந்தது.

"வேண்டாம் பெரியத்தான்."

பத்மா. கையில் ரோல்ஸ் தட்டு. குரல் பெரிதாக இல்லை.

நவரத்தினம் திரும்பினார். "என்ன வேண்டாம்?"

"மாத்த வேண்டாம். அந்தச் சீன் அப்பிடியே வேணும்."

"உனக்கு ஏலாமல் கிடக்கெண்டுதானே நான் சொல்லுறன்."

"ஏலாமல் கிடக்கெண்டு நான் சொல்லேல்லை. நீங்கள்தான் சொல்லுறியள்."

யாருக்கோ தேநீர் புரையேறியது. பத்மாவின் முகம் சிவந்துவிட்டது. ஆனால் நிறுத்தவில்லை. தட்டை மேசையில் வைத்துவிட்டுத் தாரணியைப் பார்த்துப் பேசினார்.

"பிள்ளை, வேலையிலை ஆர் பெரியவர் வந்தாலும் நான் எழும்புறேல்லை. ஏன் தெரியுமே? ஒரு அம்மாவுக்குச் சாப்பாடு தீத்திக்கொண்டு இருப்பன். கரண்டி கையிலை. அவ வாயைத் திறந்துகொண்டு இருப்பா. அந்த நேரம் அரசரே வந்தாலும் அவ விழுங்கினாப் பிறகுதான் நான் திரும்புவன். இஞ்சை நீ என்னைச் சும்மா இருத்திவைச்சிருக்கிறாய். கையிலை வேலை இல்லாட்டி கால் எழும்பத்தான் பாக்கும்."

தாரணி நிமிர்ந்தாள். "அப்ப கையிலை என்ன வேணும் அன்ரி?"

"ஒரு பேனை தா. அது காணும் எனக்கு. அந்தக் கணக்காய்வுப் பெண்ணுக்கும் வேலை இருக்குத்தானே? அவ எழுதி முடிக்கட்டும்."

எல்லோரும் நவரத்தினத்தைப் பார்த்தார்கள். அவர் தேநீர்க் கோப்பையைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். கோபம் வருகிறதா, சிரிப்பு வருகிறதா என்று அவருக்கே தெரியாத முகம். கடைசியில் கோப்பையை வைத்துவிட்டுக் கோட்டின் பொத்தானைப் பூட்டினார்.

"அப்ப நான் எவ்வளவு நேரம் நிக்கவேணும்?" என்று கேட்டார்.

"அவ எழுதி முடிக்குமட்டும் மாமா," என்றாள் தாரணி.

பேனை மூடி

கடைசி வெளிச்சத்தில் எடுத்தோம். மேசையில் கிடந்த பேனையைப் பத்மாவின் வலது கையில் கொடுத்தேன். மூடி இடது பக்கத்தில். தொடர்ச்சிக்காரனாக எனக்கு அதுதான் பொறுப்பு.

கதவு திறந்தது. நாற்காலிகள் பின்னால் உரசின. அமைச்சரவை எழுந்தது. பத்மா எழுதிக்கொண்டிருந்தார். உண்மையாகவே எதையோ எழுதினார். பேனை தாளில் ஓடும் சத்தம் எனக்குக் கேட்டது. நவரத்தினம் வழக்கம்போல வந்து நின்றார். காத்திருந்தார். பத்மா வரியை முடித்தார். மூடியை எடுத்தார், பூட்டினார், பேனையை வைத்தார். பிறகு முகத்தை உயர்த்திச் சனாதிபதியைப் பார்த்தார். கோபமாக இல்லை. சாப்பிட்டு முடித்துவிட்டீர்களா என்று கேட்பது போல, அமைதியாக.

நவரத்தினம் முதலில் பார்வையை விலக்கினார். அது கதையில் எழுதப்பட்டிருக்கவில்லை. தாரணி கட் சொல்ல மறந்துவிட்டாள். இளஞ்சிவப்புப் பலூன் திறந்த கதவால் மெல்ல உள்ளே வந்து, நல்லவேளையாக, கமராவின் எல்லைக்கு வெளியே நின்றுகொண்டது.

"செம!" என்று கத்தினார் பிரபு.

"முதலே இதைச் சொல்லியிருந்தா நான் வீட்டை போய்ப் படுத்திருப்பன்," என்றார் நவரத்தினம். ஆனால் பத்மாவின் நாற்காலிப் பக்கம் வந்து, தாளை எட்டிப் பார்த்தார். "என்ன எழுதினனி?"

"நாளைக்கு வாங்கவேண்டிய சாமான்," என்றார் பத்மா.

மே மாதத்து ஞாயிறு

படம் நேரத்துக்குப் போனது. மே மாதத்தில், மரங்கள் திடீரென்று பச்சையான ஒரு ஞாயிறு பிற்பகல், நகரத்துத் திரையரங்கொன்றில் காட்டினார்கள். பேர்கனிலிருந்து பிரபு வந்திருந்தார். தமிழர்கள் வந்திருந்தார்கள், கீழே ஓடும் எழுத்தை நம்பி நோர்வேஜியர்களும் வந்திருந்தார்கள். பின்வரிசையில் இங்கே பிறந்த பிள்ளைகள் கூட்டம், தங்கள் அம்மாக்களின் அமைச்சரவையைப் பார்க்க.

நான் ஓரத்து இருக்கையில் இருந்தேன். படத்தின் நாட்காட்டிகள் எல்லாம் சரியாக இருக்க வேண்டுமே என்ற ஒரே கவலை எனக்கு. பத்மா எனக்கு முன்வரிசையில், தன் பக்கத்து இருக்கையில் மேலங்கியை வைத்து யாருக்கோ இடம் பிடித்திருந்தார்.

விளக்குகள் மங்கத் தொடங்கியபோது நவரத்தினம் வந்தார். கார் நிறுத்த இடம் தேடிப் பிந்திவிட்டதாம். அதே கோட்டு, அதே மீசை. வாசலில் அவரைக் கண்டதும் பின்வரிசையில் ஒரு பிள்ளை, "சனாதிபதி வாறார்!" என்று குரல் கொடுத்தது. சிரிப்பும் கைதட்டலுமாக வரிசை வரிசையாக ஆட்கள் எழுந்தார்கள். என்ன நடக்கிறதென்று தெரியாத நோர்வேஜியர்களும் எழுந்தார்கள். நவரத்தினம் திரைக்கு முன்னால் நின்று, ஒரு கையை உயர்த்தி, இடமும் வலமும் திரும்பி அதை ஏற்றுக்கொண்டார். அவருக்குப் பிடித்திருந்தது. எங்களுக்கும்தான்.

திரையில் முதல் எழுத்துகள் வரத் தொடங்கின. பாதி எழுத்து அவர் முதுகில் விழுந்தது.

எழுந்து நின்ற அந்த அரங்கில் ஒருவர் மட்டும் இருந்தபடியே இருந்தார். மேலங்கியைப் பக்கத்து இருக்கையிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, வெறும் இருக்கையைக் கையால் தட்டினார்.

"இருங்கோ பெரியத்தான்," என்றார் பத்மா. "மறைக்குது."

அவர் வந்து இருந்தார்.